படத்தில் சிரித்தவள்

வேப்பங்கோம்பையில் அந்த வருசம் யாரும் சத்தம் போட்டுப் பேசவில்லை. அவசரநிலை, அவசரநிலை என்கிறார்களே, அப்படி என்னய்யா அவசரம் என்று டீக்கடையில் கேட்ட நல்லகண்ணு வாத்தியாரை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள். பதினேழு நாள் கழித்துத் திரும்பி வந்த மனுசன் பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு சொல்லிக் கொடுக்கக்கூட யோசித்துத்தான் வாயைத் திறந்தார். உத்தமபாளையத்துப் பஸ் நேரத்துக்கு வந்தது, அதை ஒத்துக்கொள்ளத்தான் வேணும். ரேஷன் கடையில் புதுசாகப் பலகை மாட்டியிருந்தார்கள். அரிசி பலகையில் இருந்தது, கடையில் இல்லை.

அந்த வருசம்தான் சந்தனம்மாளுக்கு ஒரு ஏக்கர் நாற்பது செண்ட் பூமி வந்தது. வந்தது என்றால் லிஸ்ட்டில் பேர் வந்தது, அம்புட்டுத்தான். உச்சவரம்புக்கு மேலே நிலம் வைத்திருக்கிறவர்களிடமிருந்து எடுத்து இல்லாதவர்களுக்குக் கொடுக்கப்போகிறோம் என்று சொல்லிப் பன்னிரண்டு பேர் பேரை எழுதிக்கொண்டு போனார்கள். விதவைகளுக்கு முதலிடமாம். அதனால் லிஸ்ட்டில் முதல் பேர் சந்தனம்மாள், கணவர் பேர் அம்மாவாசி, காலமானவர்.

எடுத்த நிலம் கிராம முன்சீப் சீனிச்சாமியுடையது. அவரா சும்மா விடுவார்? செத்த சித்தப்பன் பேரில், பிறக்காத பேரன் பேரில் எல்லாம் எழுதி ஒளித்துப் பார்த்தார். அப்படியும் பதினேழு ஏக்கர் வெளியே துருத்திக்கொண்டு நின்றது. போனால் போகட்டும், கல்லும் கரடும்தானே என்று பதினோரு துண்டை விட்டுவிடலாம். முதல் துண்டில்தான் கிணறு இருந்தது. கோடையிலும் ரெண்டு ஆள் தண்ணீர் நிற்கிற கிணறு. அது போனால் பக்கத்தில் இருக்கிற அவருடைய வாழைத்தோட்டம் நாக்கைத் தொங்கப் போட்டுவிடும். அந்தக் கிணறு நேராகப் போய் ஒரு அறுதலி கையில் விழுந்ததை நினைத்து நினைத்து அவருக்குச் சோறு இறங்கவில்லை. அதை அவரே நாலு பேர் கேட்கச் சொன்னார்.

சந்தனம்மாளுக்கு அந்த நிலம் என்னவென்று சொல்லிவிட வேணும். அவள் புருசன் அம்மாவாசி, மேலே மலையாளத்துப் பக்கம் ஏலக்காய்த் தோட்டத்தில் மரம் கழிக்கப் போய், கொப்பு முறிந்து விழுந்து செத்தான். இறக்கிக்கொண்டு வந்தபோது முகம் மூடியிருந்தது, திறந்து காட்ட மாட்டோம் என்றுவிட்டார்கள். இப்போது மகள் மாயக்காளுக்குப் பன்னிரண்டு வயசு. பள்ளிக்கூடம் லீவு விட்டதும் பிள்ளையைக் காய் எடுக்க அனுப்பு என்று அதே தோட்டத்துக் கங்காணி நாலு தடவை வந்து போய்விட்டான். கீழே வேலை இல்லை, வேறே வழியும் இல்லை. நிலம் வந்தால் பிள்ளை தப்பித்தாள். வராவிட்டால் மலை ஏற வேண்டியதுதான். அந்த மலைக்கு இன்னொரு உசிரைக் கொடுக்க மாட்டேன் என்று சந்தனம்மாள் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

மாசி மாசத்தில் ஒருநாள் படக்காரர்கள் வேனில் வந்து இறங்கினார்கள். சினிமாக் கொட்டகையில் படம் போடுவதற்கு முன்னால் காட்டுவார்களே, அணைக்கட்டு, கப்பல், மாட்டுக் கண்காட்சி என்று, அந்தச் செய்திப் படம் எடுக்கிற ஆட்கள். டைரக்டர் பேர் சண்முகராஜ். கறுப்புக் கண்ணாடியைக் கழட்டாமலேயே பேசுவார். இது நாடகமில்லை, நடக்கிறதை நடக்கிறபடி எடுக்கிறது என்று ஊரைக் கூட்டிவைத்துச் சொன்னார். சொல்லிவிட்டு என்ன செய்தார் தெரியுமா? பன்றியை விரட்டச் சொன்னார். குப்பைமேட்டை ஓலையால் மறைக்கச் சொன்னார். மூக்கு ஒழுகுகிற பிள்ளைகளை ஒதுக்கிவிட்டு மூக்கு ஒழுகாத பிள்ளைகளை வரிசையில் நிறுத்தினார். ரெண்டு ஆட்கள் வெள்ளித்தாள் ஒட்டின பலகையைப் பிடித்துக்கொண்டு வெயிலைத் திருப்பித் திருப்பி எல்லார் மூஞ்சியிலும் அடித்தார்கள். நடக்கிறதை நடக்கிறபடி எடுக்க இம்புட்டு வேலை.

பட்டா இன்னும் அச்சாகி வரவில்லை. அதற்கென்ன, வெறும் பேப்பரைச் சுருட்டிச் சிவப்பு ரிப்பன் கட்டி ஒரு தட்டில் அடுக்கினார்கள். மேலிருந்து வந்த ஒரு பெரிய அதிகாரி எடுத்துக் கொடுப்பார், வாங்குகிறவர்கள் கும்பிட்டு வாங்கிச் சிரிக்க வேணும், படம் எடுத்து முடிந்ததும் பேப்பரைத் திருப்பிக் கொடுத்துவிட வேணும். லிஸ்ட்டை வாசித்தார்கள். முதல் பேர் சந்தனம்மாள். இருந்ததிலேயே நல்ல சேலையைத் துவைத்து உடுத்திக்கொண்டு, தலையைப் படியச் சீவிக்கொண்டு வந்து நின்றாள்.

டைரக்டர் கறுப்புக் கண்ணாடி வழியாக அவளை ஏற இறங்கப் பார்த்தார். காமெராக்காரரிடம் ஏதோ முணுமுணுத்தார். பிறகு குரலைத் தேனாக்கிக்கொண்டு, அம்மா, முதல் ஷாட்டு, நாடு முழுக்கப் பார்க்கிறது, மங்களகரமாக இருக்கட்டும், படத்துக்குத்தானே, ஒரே ஒரு பொட்டு வைத்துக்கொள், கழுத்தில் சும்மா ஒரு மஞ்சள் கயிறு போட்டுக்கொள் என்றார். புரட்சி புரட்சி என்று காலையிலிருந்து நாற்பது தடவை சொன்ன மனுசன்தான். பொட்டில்லாத நெற்றி ஒன்று எதிரே வந்ததும் சகுனம் பார்க்கிறார்.

சந்தனம்மாளுக்குச் சுள்ளென்று ஏறியது. "எம்புருசன் செத்தது படத்துக்கில்ல சாமி, நெசத்துக்குச் செத்தாரு. இந்த நெத்தியில பொட்டு வச்சா அவரு உசிரோட இருக்காருன்னு அர்த்தம். கூட்டிட்டு வாங்க, வச்சுக்கிறேன்."

ஊரே தலையைக் குனிந்துகொண்டது. நாலரை மணிக்கெல்லாம் மேற்கு மலை வெயிலை முழுங்கிவிடும், பிலிம் வேறே அளந்து கொடுத்தது, நேரமாகிறது என்று காமெராக்காரர் கையைப் பிசைந்தார். அப்போது சீனிச்சாமி பல்லைக் காட்டிக்கொண்டு முன்னால் வந்தார். சிரித்த முகமாக ஒரு பொம்பளைதானே வேணும், இருக்காள் என்று தன் பண்ணையாள் கருத்தக்கண்ணன் பொண்டாட்டி பவுனுவைக் கூப்பிட்டு நிறுத்தினார். பவுனுவுக்கு இருபத்தாறு வயசிருக்கும். சிரித்தால் கன்னத்தில் குழி விழும். டைரக்டருக்கு வாயெல்லாம் பல். பவுனு தலைநிறையக் கனகாம்பரம் வைத்து, தாலி வெளியே தெரிய நின்று, பேப்பரை வாங்கிக் கும்பிட்டு, குழி விழச் சிரித்தாள். ரெண்டு தடவை சிரிக்கச் சொன்னார்கள், ரெண்டு தடவையும் சிரித்தாள். சந்தனம்மாளைக் கடைசியில் புளியமரத்துக்குப் பின்னால் நிற்கச் சொல்லிவிட்டார்கள்.

அன்று சாயங்காலம் பவுனு அவள் வீட்டுக்கே வந்தாள். கோபப்படாதே அக்கா, பூவைக் கொடுத்து நிற்கச் சொன்னாக, நின்னேன், எனக்கென்ன தெரியும் என்றாள். சந்தனம்மாளும் போகட்டும் விடுடி என்றுதான் சொன்னாள். படத்தில் எவள் சிரித்தால் என்ன, லிஸ்ட்டில் பேர் இருக்கிறதே என்ற தைரியம். அப்போது பாதி வெல்லக்கட்டியை உடைத்து அவள் கையில் கொடுத்தனுப்பினாள். அந்த வெல்லத்தை நினைத்தால் பின்னால் அவளுக்கு நாக்கெல்லாம் கசக்கும்.

சித்திரையில் ராயப்பன்பட்டிப் பாதையில் டூரிங் டாக்கீஸ் போட்டார்கள். நம்ம ஊரு படத்தில் வருகிறது என்று வேப்பங்கோம்பையே முதல் ஆட்டத்துக்குப் போய் மணலில் உட்கார்ந்தது. சந்தனம்மாளும் போனாள். செய்திப் படம் ஓடியது. எங்கேயோ ஒரு பாலம், எங்கேயோ ஒரு தொழிற்சாலை, அப்புறம் அவர்கள் ஊர். பன்றியில்லாத, குப்பையில்லாத, மூக்கு ஒழுகாத ஊர். தமிழகத்துக் கிராமங்களில் ஒரு மௌனப் புரட்சி என்று ஒரு கனத்த குரல் சொன்னது. மௌனம் வரைக்கும் சரிதான். பிறகு திரையில் பூவும் பொட்டும் தாலியுமாகப் பவுனு வந்து நின்றாள். "கணவனை இழந்து கண்ணீரில் வாழ்ந்த சந்தனம்மாளின் முகத்தில்தான் இன்று எத்தனை பூரிப்பு" என்றது அந்தக் குரல்.

டைரக்டர் ஆளை மாற்றினாரே ஒழிய லிஸ்ட்டை மாற்றவில்லை. லிஸ்ட் அப்படியே மெட்ராஸுக்குப் போயிருக்கிறது. அங்கே உட்கார்ந்து பேசினவனுக்கு எந்த முகம் யாருடையது என்று எப்படித் தெரியும்? கொட்டகையில் குபீரென்று சிரிப்பு எழுந்தது. பவுனுவே முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். கருத்தக்கண்ணனைப் பார்த்து, ஏலே, நீ செத்துட்டியாம்ல என்று எவனோ கத்தினான். ஒருத்தர் மட்டும் சிரிக்கவில்லை. பெஞ்சில் உட்கார்ந்திருந்த சீனிச்சாமி திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். படம் மாறி அணைக்கட்டு வந்த பிறகும் பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த வாரத்திலிருந்து பவுனு சந்தனம்மாளை அக்கா என்று கூப்பிடுவதை நிறுத்திவிட்டாள். எதிரே வந்தால் வேறு பக்கம் திரும்பினாள். முன்சீப் வீட்டிலிருந்து ஆள் வந்து, ரேஷன் கார்டில் ஏதோ திருத்தணும் என்று சந்தனம்மாளுடைய கார்டை வாங்கிக்கொண்டு போனான். திரும்பி வரவில்லை. வைகாசி முதல் வெள்ளியன்று பம்புசெட்டில் துணி துவைக்கப் போன இடத்தில்தான் விசயம் உடைந்தது. நெசமான பட்டா வரப்போகிறது, முதல் பட்டா படத்தில் சிரித்தவளுக்குத்தான், படம் டெல்லி வரைக்கும் போய்விட்டது, இனி முகத்தை மாற்ற முடியாது, யார் சந்தனம்மாள் என்று முன்சீப் சொல்கிறாரோ அவள்தான் சந்தனம்மாள் என்று பேசிக்கொண்டார்கள். பட்டாவில் சந்தனம்மாள் பேர்தான் நிற்கும், வாங்குகிறது பவுனு, கருத்தக்கண்ணன் உழுவான், கிணறு முன்சீப்புக்கு. கருத்தக்கண்ணனுக்குச் சாப்பாட்டுக்கு விளைவதில் நாலில் ஒரு பங்கு.

சந்தனம்மாள் துவைத்துக்கொண்டிருந்த சேலையோடு எழுந்து போய், அந்தப் பக்கம் துவைத்துக்கொண்டிருந்த பவுனு முன்னால் நின்றாள். அன்றைக்கு அவள் வாயிலிருந்து வந்ததை எல்லாம் இங்கே எழுத முடியாது, அம்மாவாசி ஏலத்தோட்டத்திலிருந்து கொண்டுவந்த மலையாள வசவும் கலந்து வந்தது. எம்பிள்ளை வாயில மண்ணள்ளிப் போடுறியேடி என்றாள். பவுனும் சும்மா நிற்கவில்லை. உனக்கொரு பிள்ளை என்றால் எனக்கு ரெண்டு, பண்ணையிலே பிறந்து பண்ணையிலே சாகச் சொல்கிறாயா, பொட்டு வைத்திருந்தால் உனக்கே கிடைத்திருக்கும், வீம்பு பேசினாயே, பேசு என்றாள். ஈரச் சேலையால் ஓங்கி ஒரு அடி வைத்தாள் சந்தனம்மாள். அதற்குள் பெண்கள் விலக்கிவிட்டார்கள். விலக்கினவர்களில் ஒருத்திகூட நியாயம் பேசவில்லை. மற்ற பதினோரு பட்டாவும் முன்சீப் கையெழுத்தில்தான் தொங்கிக்கொண்டிருந்தது. குடும்பக் கட்டுப்பாட்டு ஆபரேசன் கேம்புக்கு ஆள் எழுதுகிறவரும் அவர், ஜீப்புக்கு ஆளைக் காட்டுகிறவரும் அவர். யார் வாயைத் திறப்பார்கள்?

பட்டா கொடுக்கிற நாளில் காளியம்மன் கோயில் முன்னால் பந்தல் போட்டிருந்தது. ஸ்பெஷல் தாசில்தார் ராஜமணி ஜீப்பில் வந்தார். பெரியகுளம் பக்கத்து மனுசர், நெற்றியில் விபூதி. அவரும் படத்தைப் பார்த்திருந்தார். முதல் பேரை வாசித்ததும், அந்தப் படத்தில் வந்த அம்மாதானே, வரச் சொல்லுங்க என்றார்.

கூட்டம் விலகியது. பவுனு வந்தாள். சந்தனம்மாளுக்கு முதலில் அடையாளமே தெரியவில்லை. பூவில்லை. பொட்டில்லை. கையில் வளையல் இல்லை. வெளுத்த சேலை. கழுத்து மொட்டையாக இருந்தது. படத்தில் மங்களமாக இருக்க வேணும் என்று விதவையைத் துரத்தின ஊரில், இப்போது விதவையாகத் தெரிய வேணும் என்று ஒரு சுமங்கலியை உரித்துக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார்கள். தாலியை அன்று காலையில் கருத்தக்கண்ணனே கழட்டிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டானாம். ஒரு மணி நேரம்தான் பவுனு, அதுவும் படம் மாதிரித்தான், வந்ததும் கட்டிவிடுகிறேன் என்றானாம்.

தாசில்தார் நெற்றியைச் சுருக்கினார். படத்தில் பொட்டும் தாலியும் இருந்ததே என்றார். அது படக்காரங்க வேசம் போட்டுவிட்டது அய்யா, இவதான் அம்மாவாசி சம்சாரம், பாவம், மூணு வருசமாச்சு என்றார் சீனிச்சாமி. குரல் தழுதழுக்க வேறே செய்தது.

சந்தனம்மாள் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தாள். அய்யா, நான்தான் சந்தனம்மாள், இவ பவுனு, இவ புருசன் உசிரோட இருக்கான் என்று ஒரே மூச்சில் சொன்னாள். தாசில்தார் ரேஷன் கார்டைக் கேட்டார். இல்லை. சாட்சி உண்டா என்றார். சந்தனம்மாள் திரும்பி ஊரைப் பார்த்தாள். அவள் கல்யாணத்தில் சாப்பிட்டவர்கள், அவள் புருசன் பாடையைத் தூக்கினவர்கள், எல்லாரும் இருந்தார்கள். பால்பாண்டி பூவரசம் இலையைக் கிள்ளிக்கொண்டிருந்தான். நல்லகண்ணு வாத்தியார் உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. இது புருசன் செத்ததிலிருந்து புத்தி பேதலித்த பொம்பளை அய்யா, எதைக் கண்டாலும் எனக்கு என்னும் என்று சீனிச்சாமி சிரித்தார். த்தூ, இதுவும் ஒரு ஊரா என்றிருந்தது சந்தனம்மாளுக்கு.

அப்போதுதான் அவளுக்கு அது தோன்றியது. தோன்றியதும் ஒரு தெளிவு வந்தது. பேப்பரில் பொய் எழுதலாம், படத்தில் பொய் காட்டலாம். அம்மன் வாசலில் சூடத்தைக் கொளுத்தி வைத்து, உசிரோடு இருக்கிற புருசனைச் செத்தான் என்று சொல்லிக் கையால் அணைத்துச் சத்தியம் பண்ண எந்தப் பொம்பளையாலும் முடியாது. அவளுக்குச் செத்தவனுக்காகவே ஒரு பொட்டு வைக்கக் கை வரவில்லை. உசிரோடு இருக்கிறவனைக் கொல்ல இவளுக்கு எப்படி வரும்?

"அய்யா, எனக்குச் சாட்சி இல்ல. அம்மன்தான் சாட்சி. தம்புருசன் செத்துட்டான்னு அவ சூடத்தை அணைச்சுச் சத்தியம் பண்ணட்டும். பண்ணிட்டா நெலம் அவளுக்கே. நான் ஒரு வார்த்தை கேக்க மாட்டேன்."

தாசில்தார் அந்தப் பக்கத்து மனுசர், அவருக்கும் அதன் கனம் தெரியும். ரெண்டு பொம்பளையில் எவள் சந்தனம்மாள் என்று கண்டுபிடிக்க அதைவிடச் சுருக்கு வழி இல்லை. அரசாங்கத்துக்குச் சூடம் வேண்டாம், ஊர் வழக்கம் என்றால் செய்யுங்கள் என்று நாற்காலியில் சாய்ந்துகொண்டார். சீனிச்சாமியால் வேண்டாம் என்று சொல்ல முடியவில்லை. சொன்னால் குட்டு வெளிப்பட்டுவிடும். பூசாரி தட்டில் ஒரு கட்டிச் சூடத்தை வைத்துக் கொளுத்தினான்.

பவுனு தட்டின் முன்னால் வந்தாள். கையைத் தூக்கினாள். தூக்கின கை அந்தரத்தில் நின்றது. விரல்கள் வெடவெடவென்று நடுங்கின. கண்ணிலிருந்து தாரை தாரையாக ஊற்றியது. சொல்லு என்றார் சீனிச்சாமி. அவள் சொல்லவில்லை. தலை மெதுவாக இடமும் வலமுமாக ஆட ஆரம்பித்தது. மாட்டேன் என்கிற ஆட்டம் அது, குருடனுக்கும் தெரியும். தாசில்தார் நிமிர்ந்து உட்கார்ந்து பேனாவின் மூடியைத் திருகினார்.

அத்தோடு சந்தனம்மாள் வாயை மூடிக்கொண்டு நின்றிருக்க வேணும். சூடம் கரைந்துகொண்டிருந்தது, இன்னும் அரை நிமிசம், நிலம் அவளுடையது. ஆனால் கோபம் அப்படி விடுமா? பம்புசெட்டில் கேட்ட பேச்சு, திரும்பி வராத கார்டு, புளியமரத்துக்குப் பின்னால் நின்ற வெட்கம் எல்லாம் சேர்ந்துகொண்டது. இவளை இன்னும் ஒரு அடி அடிக்க வேணும் என்று தோன்றியது. கூட்டத்தில் பின்வரிசையில் நின்ற கருத்தக்கண்ணனை நோக்கிக் கையை நீட்டினாள்.

"அந்தா நிக்கிறான் பாருங்கய்யா, அவன்தான், இவ செத்துட்டான்னு சொல்லப்போற புருசன். அவன்கிட்டயே கேளுங்க, இவ அவனுக்கு யாருன்னு."

தாசில்தார் அவனை முன்னால் கூப்பிட்டார். கருத்தக்கண்ணன் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்தான். இந்தப் பொம்பளை உனக்கு யார் என்று கேட்டார். அவன் பவுனுவைப் பார்க்கவில்லை. சீனிச்சாமியைப் பார்த்தான். பார்த்துவிட்டுத் தரையைப் பார்த்தான்.

"யாருமில்ல சாமி. பண்ணையில களையெடுக்க வரும். பேருகூடச் சரியாத் தெரியாது. நான் சும்மா வேடிக்கை பாக்க வந்தேன்."

பவுனுவின் நடுக்கம் நின்றது. சந்தனம்மாள் ஒரு கை தூரத்தில் நின்றாள், அவளுக்கு நன்றாகத் தெரிந்தது. விரல் ஒவ்வொன்றாக அடங்கியது. அழுகை அடங்கியது. முகத்தில் இருந்ததெல்லாம் வடிந்து அது வேறு யாருடைய முகமோ போல ஆகிவிட்டது. பவுனு தன் புருசனை ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். பெத்த ரெண்டு பிள்ளைகளையும் எட்டு வருசக் குடித்தனத்தையும் பேர் தெரியாது என்றவன், துண்டைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு பூமியைப் பார்த்து நின்றான். அடப்பாவி, அவளை ஒரு தடவை பார்த்திருக்கக்கூடாதா என்று சந்தனம்மாளுக்கே இருந்தது.

"எம்புருசன் செத்துட்டான்" என்றாள் பவுனு. குரலில் ஒரு பிசிறு இல்லை. "ஆத்தா சத்தியமாச் செத்துட்டான்."

சொல்லிவிட்டு உள்ளங்கையைச் சூடத்தின் மேல் வைத்து அமுக்கினாள். எடுக்காமல் வைத்திருந்தாள். கருகின வாசனை வந்த பிறகுதான் பூசாரி பதறி அவள் கையைத் தட்டிவிட்டான். கூட்டத்தில் பெண்கள் வாயில் அடித்துக்கொண்டார்கள். ஒரு கிழவி அங்கனயே மயங்கி விழப் பார்த்தாள்.

தாசில்தார் அதற்குமேல் எதுவும் கேட்கவில்லை. எந்தப் பொம்பளை பொய்யாக அப்படிச் செய்வாள் என்று சந்தனம்மாள் நினைத்ததைத்தான் அவரும் நினைத்திருப்பார். வெந்த கையில் ரேகை விழாது என்று இடது கைப் பெருவிரலில் மை தடவி வாங்கிக்கொண்டு, முத்திரை போட்ட பட்டாவைப் பவுனு கையில் கொடுத்தார். மீதிப் பதினொன்றும் மளமளவென்று முடிந்தது. சந்தனம்மாள் அசையவில்லை. என் வாயாலேயே கெட்டேனே, என் வாயாலேயே மகளை மலைக்கு ஏற்றினேனே என்று மனசுக்குள் மண்டையில் அடித்துக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை கேட்க மாட்டேன் என்று அம்மன் வாசலில் சொன்னவள். கேட்கவும் வழியில்லை.

ஜீப் போய்த் தூசி அடங்கியது. சீனிச்சாமி அப்பாடா என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பவுனுவிடம் கையை நீட்டினார். பேப்பர் வீட்டில் பத்திரமாக இருக்கட்டும், இங்கன கொண்டா என்றார். பவுனு அந்தக் கையைப் பார்க்காமலே தாண்டிப் போனாள். நேரே சந்தனம்மாள் முன்னால் வந்து நின்றாள். பட்டாவை அவள் காலடியில் விட்டெறிந்தாள்.

"இந்தா. ஒம்பேருதான் போட்டிருக்கு."

சீனிச்சாமி பாய்ந்து வந்தார். ஏய், என்ன செய்கிறாய், அது எப்படி அவளுக்குப் போகும் என்று கத்தினார்.

"அவதான் சந்தனம்மாள். ஊருக்கே தெரியும்" என்றாள் பவுனு. "இல்லேன்னு சொல்லணும்னா போங்கய்யா, தாசில்தாரு இன்னும் பாளையம் தாண்டியிருக்க மாட்டாரு. ஆளை மாத்திக் காட்டி நான்தான் பொய் சொன்னேன்னு சொல்லுங்க. ரேகையப் பாக்க வந்தா மொதல்ல உள்ள போறது நீங்கதான். ஜீப்புக்கு ஆளு காட்டுறவுகளுக்கு ஜீப்பு எங்க போகும்னு தெரியாதா?"

சீனிச்சாமி வாயைத் திறந்து மூடினார். ஊரில் மற்ற எல்லாரையும் போல அவருக்கும் பேச்சு வரவில்லை. கூட்டத்தில் யாரோ செருமினார்கள், சிரித்தார்களோ என்னவோ. முன்சீப் சுற்றிலும் பார்த்தார், எவன் என்று பிடிபடவில்லை. விறுவிறுவென்று நடையைக் கட்டினார்.

நிலம் கிடைத்துவிட்டது. கிணற்றோடு கிடைத்துவிட்டது. மாயக்காள் மலைக்குப் போக வேண்டாம் என்று அந்த நேரத்திலும் சந்தனம்மாள் மனசின் ஒரு மூலை துள்ளியது. பவுனுவின் கையைப் பிடித்துக்கொள்ளப் போனாள். உள்ளங்கை தோல் வழண்டு சிவந்து கிடந்தது. பவுனு வெடுக்கென்று உதறினாள்.

"தொடாத. நீ நல்லவன்னு நான் குடுக்கல. அந்தப் பயகளுக்குக் கெடைக்கக் கூடாதுன்னு குடுத்தேன். என்னைச் சூடத்துக்கு முன்னால நிறுத்தினவ நீ. நான் மாட்டேன்னு தலையாட்டினதையும் பாத்த. பாத்துட்டும் அவனக் கூப்புட்டுக் கேக்கச் சொன்னவ நீதான. நல்ல ஆளு. எம்மூஞ்சியில மட்டும் முழிக்காத."

பவுனு சொன்னதில் ஒரு சொல் பொய்யில்லை. நீயும் எனக்குத் துரோகம் பண்ணினாய்தானே என்று சந்தனம்மாள் கேட்டிருக்கலாம், அதுவும் பொய்யில்லை.

கருத்தக்கண்ணன் அதுவரைக்கும் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தான். முதலாளி போய்விட்டார், இனி பயமில்லை என்று தோன்றியிருக்கும். சட்டைப்பையிலிருந்து மஞ்சள் கயிற்றை எடுத்துக்கொண்டு கிட்டே வந்தான். சரி விடு பவுனு, நடந்தது நடந்துபோச்சு, கோயில் முன்னாலேயே இருக்கோம், இங்கனயே கட்டிவிட்டுர்றேன், வீட்டுக்குப் போவோம், பிள்ளைக தேடும் என்றான்.

பவுனு அவனை உச்சியிலிருந்து பாதம் வரைக்கும் பார்த்தாள். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. பஸ்ஸ்டாண்டில் முன்பின் தெரியாதவன் ஒருத்தன் வழியை மறித்தால் கேட்பதைப் போலக் கேட்டாள்.

"யாருய்யா நீ?"

காலடியில் கிடந்த பட்டாவை எடுக்கக் குனிந்த சந்தனம்மாள் குனிந்தபடியே இருந்தாள். பேப்பர் கையில் வந்துவிட்டது. நிமிர்ந்தால் பவுனு முகத்தைப் பார்க்க வேணும்.